தங்கராசு அண்ணன் வாஃபிள் சுட்ட ஒன்பது ஞாயிறுகள்

செவ்வாய்க்கிழமை, இரண்டாவது பீரியட். அரியலூரில் நான் இப்போது வேலை பார்க்கும் பள்ளியில் பிளஸ் ஒன் பெண்களுக்கு ரவா கிச்சடி செய்முறை வகுப்பு நடந்துகொண்டிருந்தது. ஆபீசில் எனக்குப் போன் என்று ஆயா வந்து சொன்னார். போய் எடுத்தால் பெரம்பலூரிலிருந்து தங்கராசு அண்ணன் மனைவி அஞ்சலை அக்கா. "டீச்சர், ஒங்கண்ணன் பட்டறையில உக்காந்த மேனிக்கே போயிட்டாரு" என்றார். அவர் அழவில்லை. நானும் அழவில்லை. எனக்கு முதலில் வந்தது கோபம்தான். "நெஞ்சு வலிக்குதுன்னு ஒரு வார்த்தை சொன்னாராக்கா?" என்று கேட்டேன். "அவரு என்னிக்கு டீச்சர் சொன்னாரு?" என்றார்.

அரியலூரில் பஸ் ஏறி பெரம்பலூரில் இறங்கும்வரை அந்த மனிதரை மனசுக்குள் திட்டிக்கொண்டே போனேன். இறந்தவரைத் திட்டக்கூடாது என்பார்கள். தங்கராசு அண்ணன் வீட்டு மாடியில் பத்து வருஷம் குடியிருந்துவிட்டு யாராவது அப்படிச் சொல்லட்டும், கேட்டுக்கொள்கிறேன்.

இந்த மாதக் கடைசியில் அவருடைய படத்திறப்பு. வருகிறவர்கள் கையில் கொடுக்க ஒரு சின்னப் புத்தகம் போடுகிறார்கள், அதில் எழுதும்படி அவர் மகன் குமார் என்னைக் கேட்டிருக்கிறான். படிக்கப்போகிற உங்களில் பாதிப்பேர் ஆத்தூர் ரோட்டுப் பட்டறையில் அவரிடம் டிரெய்லர் கட்டியவர்கள், கலப்பை அடித்தவர்கள், மக்காச்சோளம் உதிர்க்கும் மெஷினை ரிப்பேருக்கு விட்டுவிட்டு எப்போது கிடைக்கும் என்று தெரியாமல் நாலு நாள் நடையாய் நடந்தவர்கள். அவர் கைவேலையைப் பற்றி என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். எனக்குத் தெரிந்தது அவர் வாய், அதாவது அது திறக்காத விதம். அதைப் பற்றித்தான் எழுத முடியும்.

தொண்ணூற்றைந்தில் மாற்றலாகி வந்து அவர் வீட்டு மாடியில் குடியேறினோம். கீழே முன்புறம் பட்டறை, பின்னால் அவர்கள் வீடு, பக்கவாட்டில் எங்களுக்கு ஓர் இரும்புப் படி. வந்த புதிதில் ஒருநாள், "படி கொஞ்சம் ஆடுதுங்கண்ணே" என்று போகிறபோக்கில் சொல்லிவிட்டுப் பள்ளிக்குப் போனேன். சாயங்காலம் வந்தால் படியைக் காணோம். மாடி இருக்கிறது, கதவு இருக்கிறது, ஏறுவதற்கு ஒன்றுமில்லை. பழைய படி துண்டு துண்டாகத் தரையில் கிடந்தது. என் கணவரும் நானும் இரண்டு சாக்குகளின் மேல் உட்கார்ந்து, அவர் புதுப்படி வெல்டிங் வைத்து முடிக்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தோம். "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேண்ணே, காலையிலேயே துணிமணி எடுத்து வச்சிருப்பேனே" என்றேன். கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு, "ஆடுதுன்னு நீங்கதானே டீச்சரு சொன்னீங்க" என்றார். அந்தப் படி இன்றுவரை ஆடியதில்லை. அதற்காக அன்றைக்கு எனக்கு வந்த ஆத்திரம் நியாயமில்லை என்று ஆகிவிடாது.

குமார் அவருக்கு ஒரே பையன். அப்பாவிடமே வெல்டிங் கற்றுக்கொண்டு, நாங்கள் வந்த மறுவருஷம் சிங்கப்பூரில் கப்பல் கட்டுகிற இடத்துக்கு வேலைக்குப் போனான். இரண்டு வருஷம் கழித்து அங்கே ஒரு பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டதாகக் கடிதம் வந்தது. பிலிப்பைன்ஸ் நாட்டுப் பெண், பெயர் ரோசா. ஊரே எட்டிப் பார்த்தது, இவர் என்ன ஆட்டம் ஆடப்போகிறாரோ என்று. ஆடவில்லை, கத்தவில்லை, கடிதத்தைக் கிழிக்கவும் இல்லை. அவனிடம் பேசுவதை நிறுத்திவிட்டார், அவ்வளவுதான். பட்டறையில் போன் இருந்தது. ஒரு ஞாயிறு விட்டு ஒரு ஞாயிறு காலையில் குமார் கூப்பிடுவான். இவர் எடுப்பார், "அப்பா" என்ற குரலைக் கேட்பார், பதிலுக்கு ஹலோகூடச் சொல்லாமல் ரிசீவரை லேத் மெஷின் பக்கத்துப் பலகையில் வைத்துவிட்டு, "ஒனக்குத்தான்" என்று வீட்டுப்பக்கம் பார்த்துக் குரல் கொடுப்பார். அஞ்சலை அக்கா ஈரக்கையோடு ஓடிவருவார். ஆறு வருஷம் இப்படியே ஓடியது. எடுக்காமலும் இருக்கமாட்டார், பேசவும் மாட்டார். எந்தக் கணக்கில் சேர்ப்பது இந்த மனிதரை?

இரண்டாயிரத்து நான்கு பொங்கல் முடிந்த வாரம் அக்காவுக்கு ஒரு கடிதம் வந்தது. அவருக்கு எழுத்துக்கூட்டத்தான் தெரியும் என்பதால் எப்போதும் நான்தான் படித்துச் சொல்வேன். ஜூன் மாதம் கம்பெனி தன்னை இன்னும் தூர தேசத்துக்கு மாற்றுகிறது, அங்கே போய்விட்டால் நாலைந்து வருஷத்துக்கு ஊர்ப்பக்கம் வரமுடியாது என்று குமார் எழுதியிருந்தான். "மே மாசம் லீவு இருக்கிறது. அப்பா ஒரே ஒரு தடவை வரச்சொல்லட்டும், உடனே டிக்கெட் போடுகிறேன். அவர் கூப்பிடாமல் ரோசாவையும் பாப்பாவையும் அழைத்துவந்து வாசலில் நிறுத்தமாட்டேன்." கூடவே ஒரு போட்டோ. நாலு வயதுப் பெண் குழந்தை, வாயெல்லாம் ஒட்டிக்கொண்டு எதையோ தின்கிறது. பின்னால் எழுதியிருந்தது: "வாழைப்பழ வாஃபிள். காலையில் இதைத் தவிர எது கொடுத்தாலும் துப்பிவிடுகிறாள்."

அண்ணன் லேத்தில்தான் நின்றுகொண்டிருந்தார். கேட்கட்டும் என்றே உரக்கப் படித்தேன். முடித்ததும் கையைத் துடைத்துக்கொண்டு வந்தார். சரி, ஆறு வருஷத்துக்குப் பிறகு வாயைத் திறக்கப் போகிறார் என்று நான் நினைத்தேன். போட்டோவை வாங்கி, பேத்தியின் முகத்தை ஒரு நிமிஷம் பார்த்தார். பிறகு தட்டில் இருந்ததைக் காட்டி, "இது என்னாது டீச்சரு, கட்டங்கட்டமா இருக்கு?" என்றார். சொன்னேன். "எதுல சுடுறது?" என்றார். இரண்டு இரும்புத் தகடு, இரண்டிலும் உள்பக்கம் கட்டங்கள், நடுவில் மாவை ஊற்றி மூடினால் இரண்டு பக்கமும் வேகும் என்று என் நோட்டில் படம் போட்டுக் காட்டினேன். அந்தத் தாளைக் கிழித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போய்விட்டார். "வரச்சொல்றதைப் பத்தி?" என்று முதுகுப்பக்கம் பார்த்துக் கேட்டேன். லேத் ஓட ஆரம்பித்துவிட்டது.

மறுநாள் பட்டறைத் தரையில் சாக்பீஸால் இரண்டு சதுரங்கள். அந்த வாரம் முழுக்க உங்கள் டிரெய்லர்கள் அப்படியே கிடந்ததற்கு இதுதான் காரணம், இப்போதாவது தெரிந்துகொள்ளுங்கள். தடித்த தகட்டில் சதுரக் கம்பித் துண்டுகளை ஒவ்வொன்றாக வெல்டிங் வைத்து, டிரெய்லர் கதவுக்குப் போடும் கீலைப் போட்டு இரண்டையும் சேர்த்திருந்தார். இரண்டு கையாலும் தூக்கவேண்டிய கனம். பிடிக்கு மோட்டார் சைக்கிள் ஹேண்டில் ரப்பரை மாட்டியிருந்தார், அது முதல் ஞாயிற்றுக்கிழமையே உருகிப் பட்டறையெல்லாம் நாறியது. ஞாயிறு காலை ஏழு மணிக்குப் படியடியில் நின்று, "டீச்சரு, மாவு" என்று குரல் கொடுத்தார். நான் மனையியல் டீச்சர். மனையியல் டீச்சர் என்றால் உலகத்தில் உள்ள எல்லா நாட்டுப் பலகாரமும் தெரிந்திருக்கும் என்று அவருக்கு நினைப்பு. வாஃபிளைப் பாடப்புத்தகப் படத்தில் தவிர நானும் பார்த்ததில்லை. கேக்குக்குப் போடுகிற கணக்கில் மைதா, முட்டை, பால், வெண்ணெய், ஒரு சிட்டிகை ஆப்ப சோடா, இரண்டு கனிந்த பூவன்பழத்தை மசித்துப் போட்டுக் கரைத்துக் கொடுத்தேன்.

பம்ப் ஸ்டவ்வைப் பற்றவைத்து அச்சைக் காயவைத்து மாவை ஊற்றி மூடினார். பத்து நிமிஷம் கழித்துத் திறக்கப் பார்த்தால் திறக்கவில்லை. சுத்தியலால் தட்டி, நெம்புகோல் போட்டுத் திறந்தபோது மேல்தகட்டில் பாதி, கீழ்தகட்டில் பாதி என்று ஒட்டிப் பிடித்திருந்தது. ஸ்க்ரூ டிரைவரால் குடைந்து எடுத்து ஒரு துண்டை என்னிடம் நீட்டினார். வாயில் போட்டேன். லேத்துக்கு ஊற்றும் ஆயில் வாசனை மண்டைக்கு ஏறியது. "எப்படி?" என்றார். "டிராக்டருக்குப் போடலாம்ணே" என்றேன். தலையாட்டிக்கொண்டார், ஏதோ நான் உருப்படியான யோசனை சொன்னதுபோல.

அஞ்சலை அக்கா அச்சைப் பறித்துக்கொண்டுபோய் புதுத் தோசைக்கல்லைப் பழக்குகிற மாதிரியே பழக்கினார். சோறு வடித்த கஞ்சியில் மூன்று நாள் ஊறப்போட்டு, புளி வைத்துத் தேய்த்து, நல்லெண்ணெய் தடவி, வெங்காயத்தை அரிந்து சூட்டோடு ஒவ்வொரு குழியிலும் தேய்த்தார். ஆயில் நாற்றம் போய்விட்டது. அடுத்த ஞாயிறு வாஃபிளில் வெங்காய வாசனை. அதற்கடுத்த ஞாயிறு வாசனை எதுவும் இல்லை, ஆனால் முன்னைப்போலவே பிய்ந்துதான் வந்தது. மூன்று ஞாயிறாக வெறும் வயிற்றில் இந்தக் கண்றாவியைத் தின்றுகொண்டிருந்தவள் நான். என் கணவர் கெட்டிக்காரர். சொந்த ஊர் அரியலூர் என்பதால், சனிக்கிழமை சாயங்காலமே அம்மாவைப் பார்க்கப் போகிறேன் என்று பஸ் ஏறிவிடுவார். அந்த இரண்டு மாதம் என் மாமியாருக்குக் கிடைத்த கவனிப்பு அதற்கு முன்னும் பின்னும் கிடைத்ததில்லை.

ஏன் ஒட்டுகிறது என்று கண்டுபிடித்தது நான்தான், அதை அவர் கடைசிவரை ஒத்துக்கொள்ளவில்லை. இட்லித்தட்டைக் கொண்டுவந்து காட்டினேன். "குழி எப்படிச் சரிஞ்சு இருக்கு பாருங்க. நீங்க சுவர் மாதிரி நேரா நிறுத்தி வச்சிருக்கீங்க, எப்படி வெளியில வரும்?" என்றேன். இட்லித்தட்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.  அடுத்த இரண்டு வாரம் மதியச் சாப்பாட்டு நேரத்தில் உட்கார்ந்து, அத்தனை கட்டத்தின் நாலு பக்கத்தையும் அரத்தால் கையாலேயே சரித்துத் தேய்த்தார். விரல் முட்டியெல்லாம் தோல் உரிந்திருந்தது. நடுவில் வந்த இரண்டு ஞாயிறுகளிலும் தேய்த்தவரைக்கும் சுட்டுப் பார்க்க வேண்டும் என்று மாவு கேட்டார். சரித்த பாதி அழகாக வந்தது, சரிக்காத பாதி அச்சோடு நின்றது.

அந்தச் சமயத்தில்தான் பழம் வந்து சேர்ந்தது. திருமானூர் பக்கம் யாருக்கோ டிரெய்லர் செய்துகொடுத்தவர், வரும்போது மூன்று தார் பூவன் ஏற்றிக்கொண்டு வந்துவிட்டார். "எதுக்குண்ணே மூணு தார்?" என்றால், "பழம் வேணும்னீங்களே" என்றார். நான் கேட்டது ஞாயிற்றுக்கு இரண்டு பழம். மூன்று தாரும் பட்டறை உத்தரத்தில் தொங்கி, ஒரே வாரத்தில் மொத்தமாகப் பழுத்தன. கொசு மொய்த்தது. கலப்பை வாங்க வந்தவர்கள் ஆளுக்கொரு சீப்போடு போனார்கள். நான் பள்ளியில் இரண்டு செக்ஷனுக்குப் பழப்பச்சடி செய்முறை வகுப்பு நடத்தினேன், பாடத்திட்டத்தில் இல்லாத வகுப்பு.

பிப்ரவரி போய் மார்ச்சும் வந்துவிட்டது. எனக்குப் பொறுக்கவில்லை. ஒருநாள் அரமும் கையுமாக உட்கார்ந்திருந்தவர் முன்னால் போய் நின்றேன்.

"அண்ணே, இவ்வளவு மெனக்கெடுறதுக்குப் போனை எடுத்து 'வாப்பா'ன்னு சொன்னா என்ன?"

"அச்சு சரியா வரட்டும்."

"அச்சுக்கும் அவன் வர்றதுக்கும் என்ன சம்பந்தம்?"

"வந்தா புள்ள எதைத் திங்கும்?"

"அவன் வந்தாத்தானே புள்ள வரும்? டிக்கெட் போடணும்ல? ஜூன்ல எங்கியோ போயிடப் போறான்ல?"

 அரம்தான் பேசியது.

"வாயில என்ன கொழுக்கட்டையா வச்சிருக்கீங்க?" என்று கேட்டுவிட்டேன். வீட்டுச் சொந்தக்காரரைப் பார்த்துக் குடியிருக்கிறவள் கேட்கிற கேள்வியா அது. அவர் கோபித்துக்கொள்ளவில்லை. "பேச்சு ரெண்டு நாள்ல மறந்துடும் டீச்சரு. இரும்பு கெடக்கும்" என்றார். பட்டறைக்கு வந்துபோன உங்களில் பலரிடமும் இதைச் சொல்லியிருப்பார். நன்றாகத்தான் இருக்கிறது கேட்க. அடுப்படியில் நின்று அதைக் கேட்டுக்கொண்டிருந்த அஞ்சலை அக்காவின் முகத்தைப் பார்த்திருந்தால் உங்களுக்கு நன்றாக இருந்திருக்காது. கல்லுளிமங்கன் என்று வாய்விட்டே சொல்லிவிட்டு மாடி ஏறினேன்.

ஆறாவது, ஏழாவது ஞாயிறுகளில் ஒட்டாமல் முழுசாக வந்தது. ஆனால் களிபோல் தொளதொளவென்று இருந்தது. மொறுமொறுப்பு இல்லை. "போட்டோவுல வெறப்பா நிக்குது, இது தொங்குது" என்று திருப்பிக் காட்டினார். வெண்ணெயைக் கூட்டினேன், பாலைக் குறைத்தேன், எதற்கும் மசியவில்லை. எட்டாவது ஞாயிற்றுக்கு முந்தைய நாள் எனக்குத் தலைவலி. மாவைச் சனிக்கிழமை மதியமே கரைத்து அக்காவிடம் கொடுத்து, காலையில் நீங்களே சுட்டுக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டேன். அக்கா என்ன செய்தார் தெரியுமா. மாவு என்றால் புளிக்கவேண்டும் என்பது அவர் கட்சி. எனக்குத் தெரியாமல் இரண்டு கை பச்சரிசி மாவைப் போட்டு, ஒரு கரண்டி இட்லிமாவையும் கலந்து மூடி வைத்துவிட்டார். காலையில் நான் இறங்கி வந்தபோது பாத்திரத்தின் மூடியைத் தள்ளிக்கொண்டு பொங்கி வழிந்து, அடுப்பு மேடையெல்லாம் வாழைப்பழமும் புளிப்புமாக மணத்துக் கிடந்தது. "அக்கா, இது தோசையா?" என்று தலையில் அடித்துக்கொண்டேன். "மாவு மாவுதானே டீச்சர்" என்றார்.

கொட்டிவிடலாம் என்றேன். அண்ணன் கேட்கவில்லை. ஊற்றினார், மூடினார், கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். திறந்தபோது அதுவாகவே கழன்று தட்டில் விழுந்தது. பொன்னிறம். ஓரத்தை ஒடித்தால் அப்பளம்போல் சத்தம் கேட்டது, உள்ளே பஞ்சு. வெல்லப்பாகை ஊற்றி ஆளுக்கொரு துண்டு தின்றோம். எட்டு வாரமாகத் திட்டிக்கொண்டே தின்ற நான் வாயை மூடிக்கொண்டு இன்னொரு துண்டு எடுத்தேன். அக்கா அடுக்களைக்குப் போய்விட்டார், முகத்தில் அப்படி ஒரு பெருமை. அண்ணன் இரண்டாவதை ஊற்றி மூடினார்.

அப்போது போன் அடித்தது. குமார் கூப்பிடுகிற ஞாயிறு. அண்ணனுக்கு இரண்டு கையிலும் சாக்குத்துணி, அச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார். "எடுங்க டீச்சரு" என்றார். எடுத்தேன். அவன் குரல் இறங்கியிருந்தது. "டீச்சர், லீவைப் பத்தி நாளைக்குள்ள சொல்லணும். இல்லேன்னா வேற ஆளுக்குப் போயிடும். அப்பா ஏதாவது சொன்னாரா?"

நான் அண்ணனைப் பார்த்தேன். ஐந்தடி தூரம் இருக்கும். எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஸ்டவ் முன்னால் நின்றிருந்தார். வாயில் வெல்லப்பாகு, மனசில் எட்டு வாரத்து எரிச்சல். யோசிக்கவே இல்லை. "சொன்னார் குமார். வரச்சொன்னார். ரோசாவையும் பாப்பாவையும் கூட்டிக்கிட்டு வரச்சொன்னார்" என்றேன். நல்ல சத்தமாகவே சொன்னேன்.  "அப்பாவா?" என்றான். "ஆமா, ஒங்கப்பாதான்" என்றேன். பிறகு அக்காவைக் கூப்பிட்டு ரிசீவரைக் கொடுத்தேன். கருகல் வாசனை வந்தது. கடிகாரம் பார்த்துச் சுடுகிற மனிதர் அச்சைத் திறக்காமல் நின்றுகொண்டிருந்தார். "அண்ணே, தீயுது" என்றேன். "ம்" என்று திறந்தார். அதற்கு மேல் ஒரு வார்த்தை கிடையாது.

அடுத்த ஆறு வாரம் எனக்குத் தூக்கம் போயிற்று. அவர் காதில் விழுந்ததா இல்லையா என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. அவருக்கோ வாயே இல்லை. பட்டறையில் சின்னதாக ஓர் இரும்புக் கட்டில் தயாரானது. குழந்தை விழாமலிருக்கச் சுற்றிலும் கம்பி. பையன் வருகிறான் என்று அக்கா சொல்லியிருப்பார். ஆனால் கூப்பிட்டது யார் என்று கேட்டாரா? கேட்டிருந்தால் அக்கா என்ன சொல்லியிருப்பார்? வந்து இறங்குகிறவன் முகத்துக்கு நேராக, "நான் எங்கடா கூப்பிட்டேன்?" என்று இந்த மனிதர் கேட்டுவிட்டால் அந்தப் பெண்ணும் குழந்தையும் எங்கே போவார்கள்? வீட்டைக் காலி செய்துவிடலாமா என்றுகூட யோசித்தேன். அரியலூருக்கு மாற்றல் கேட்டு விண்ணப்பம் எழுதியது அந்த வாரங்களில்தான்.

மே மாதம் ஒரு சனிக்கிழமை மத்தியானம் திருச்சியிலிருந்து கார் வந்து நின்றது. குமார் இறங்கினான், ரோசா இறங்கினாள், தூங்கி வழிந்துகொண்டு குழந்தை. அண்ணன் பட்டறை வாசலில் ஸ்பேனரோடு நின்றார். குமார் கிட்டே வந்தான். காலில் விழுவதா நிற்பதா என்று தெரியாமல் தடுமாறி, "அப்பா, நீங்க கூப்பிட்டதா டீச்சர் சொன்னாங்க" என்றான். போச்சு என்று நினைத்தேன். அண்ணன் அவனைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார், ரொம்ப நேரம் பார்த்ததாகத்தான் எனக்குத் தோன்றியது. திரும்பவும் அவனைப் பார்த்து, "எப்பக் கூப்பிட்டேன், எப்ப வர்ற?" என்றார், வேலைக்கு லேட்டாக வந்தவனைத் திட்டுகிற அதே குரலில். குமார் அங்கேயே உட்கார்ந்து அழுதுவிட்டான். இவர் ஸ்பேனரை வைத்துவிட்டுக் குழந்தையை வாங்கிக்கொண்டு உள்ளே போனார்.

மறுநாள் ஒன்பதாவது ஞாயிறு. புளித்த மாவு தயாராக இருந்தது. முதலில் பேத்திக்கு, அப்புறம் ரோசாவுக்கு, மூன்றாவது குமாருக்கு என்று அவரே சுட்டுச் சுட்டுத் தட்டில் போட்டார். குழந்தை கட்டத்துக்குள் விரலை விட்டுப் பாகை நக்கியது. நாலு தின்றது. ரோசா அச்சைத் தூக்கிப் பார்க்க முயன்று, முடியாமல் சிரித்தாள். குமார் போதும் என்றபோது, "சாப்புடு" என்று இன்னொன்றைப் போட்டார். அவர்கள் தங்கியிருந்த பத்து நாளில் மகனிடம் அவர் பேசியதை எழுதினால் இந்தப் பக்கத்தில் கால்வாசிகூட நிரம்பாது. ஆனால் இரண்டு பேரும் சேர்ந்து ஒரு டிரெய்லரை முடித்தார்கள். ஜூனில் அவர்கள் தூர தேசம் போனார்கள். அப்பாவும் மகனும் நேரில் பார்த்துக்கொண்டது அந்தப் பத்து நாளோடு சரி. அடுத்து குமார் வந்தது போன மாதம், கொள்ளி வைக்க.

காரியம் முடிந்த மறுநாள் குமார் என்னிடம் வந்தான். இந்தப் புத்தகத்துக்கு எழுதச் சொன்னதும் அப்போதுதான். "டீச்சர், எனக்கு ஒண்ணு தெரியணும். அன்னைக்கு அப்பா என்ன சொல்லிக் கூப்பிட்டாரு? அவர் சொன்னதை அப்படியே சொல்லுங்க. 'அவனை வரச்சொல்லு'ன்னாரா, 'குமாரை வரச்சொல்லு'ன்னாரா?" என்றான். தன் பேரைச் சொன்னாரா என்று கேட்கிறான், முப்பத்தைந்து வயது ஆண்பிள்ளை.  "எழுதித் தர்றேம்பா" என்று சொல்லிவிட்டு பஸ்ஸைப் பிடித்து வந்துவிட்டேன்.

இரண்டு வாரம் யோசித்தேன். இன்னொரு பொய் எழுதுவது சுலபம். "என் குமாரை வரச்சொல்லுங்க" என்று அழகாக ஒரு வசனம் எழுதியிருக்கலாம், யார் வந்து இல்லை என்று சொல்லப்போகிறார்கள். மனசு வரவில்லை. போன ஞாயிறு பெரம்பலூர் போய் அஞ்சலை அக்காவிடம் உண்மையைச் சொல்லி, எழுதட்டுமா என்று கேட்டேன். அக்கா அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். நிறுத்தவில்லை. "தெரியுமே டீச்சர்" என்றார். "அந்த மனுசன் அவம்பேரைச் சொல்லியிருந்தா எனக்குக் கேட்டிருக்காதா? ஆறு வருசமா அதுக்குத்தானே அடுப்படியில காதை வச்சுக்கிட்டு நின்னேன். எழுதுங்க. அவனுக்குத் தெரியட்டும்."

எனவே குமார், கேட்டுக்கொள். உன் அப்பா உன்னைக் கூப்பிடவில்லை. உன் பெயரைச் சொல்லவில்லை. கூப்பிட்டது நான், அதுவும் பாசத்தில் இல்லை, எரிச்சலில். அதற்குமுன் எட்டு ஞாயிறு அவர் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதை ஒன்று விடாமல் மேலே எழுதிவிட்டேன். அது போதுமா போதாதா என்று நீதான் முடிவு செய்யவேண்டும். போதாது என்று நீ சொன்னால் நான் உன் பக்கம்தான். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் அந்த மனிதர். அந்தக் கோபம் எனக்கு இன்றைக்கும் ஆறவில்லை, அவர் படத்துக்கு மாலை போடும்போதும் ஆறாது.

ஆனால் உன் அப்பா உப்பு அதிகம் என்றால் அதிகம் என்பார், அளவு தப்பு என்றால் வாடிக்கைக்காரரை வாசலிலேயே திருப்பி அனுப்புவார். தான் சொல்லாததைச் சொன்னதாக யாராவது சொன்னால் அந்த இடத்திலேயே "நான் எங்க சொன்னேன்?" என்று கேட்டுவிடுகிற ஆள். அதற்கு மட்டும் அவருக்கு வாய் உண்டு. ஐந்தடி தூரத்தில் நான் அவர் பெயரைச் சொல்லிப் பொய் சொன்னேன். அவர் காதில் விழுந்தது, இல்லையென்றால் கையிலிருந்த வாஃபிளைத் தீயவிட்டிருக்கமாட்டார். இல்லை என்று சொல்ல அவருக்கு ஒரு நொடி போதும், சொல்லாமல் விட்டுவிட்டார். அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டிருப்பது அந்த நொடி ஒன்றைத்தான். பத்து வருஷத்தில் அவர் பேசாமல் இருந்ததற்காக எனக்குக் கோபம் வராத ஒரே சமயம் அது.